கைகளின் இலக்கணம் கண்ட வில்லியம் ஸ்டோக்கி



'ஊமை கண்ட கனவு' என்றொரு வழக்கு தமிழில் நெடுங்காலமாக இருந்து வருகின்றது. உள்ளத்தில் தோன்றியதை வெளியிட வழியின்றித் தவிக்கும் நிலைக்கு அதனை உவமையாகச் சொல்வர். வாய்பேசாதவர் கனவு காண்பார். ஆயின் அதனைப் பிறருக்கு உரைக்க அவரிடம் மொழியில்லை என்பது இவ்வழக்கின் உட்கிடை. சங்கப் புலவர் வெள்ளிவீதியார் இதனினும் நுட்பமாகச் சிந்தித்திருக்கிறார். குறுந்தொகையின் 58ஆம் பாடலில், வெயில் காயும் பாறைமேல் உருகும் வெண்ணெய்க்குக் காவலாக அவர் நிறுத்தியவன் பேச இயலாதவன் மட்டுமல்லன், கைகளும் இல்லாதவன். கை இருந்திருந்தால் அவன் வெண்ணெயை எடுத்துக் காத்திருப்பான். கை காட்டிப் பிறரை அழைத்தும் இருப்பான். ஆகவே, பேச்சு இல்லாமையோடு கை இல்லாமையும் சேர்ந்தபோதுதான் அவனுடைய இயலாமை நிறைவுபெறுகின்றது.

கை பேசும் என்பது உலகிற்குப் புதிய செய்தியன்று. ஆனால் கை பேசுவது 'மொழி'தானா, அதற்கு எழுத்தும் சொல்லும் தொடரும் உண்டா, இலக்கணம் வகுக்க முடியுமா என்ற வினா எழுந்து, அதற்கு ஆம் என்ற விடை அறிவியல் முறையில் கிடைத்தது இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலேதான். அவ்விடையைத் தந்தவர் வில்லியம் ஸ்டோக்கி என்னும் அமெரிக்க அறிஞர். அவர் காது கேளாதவர் அல்லர். தொடக்கத்தில் மொழியியலாரும் அல்லர். இடைக்கால ஆங்கில இலக்கியம் பயின்ற ஓர் ஆசிரியர். இலக்கியம் பயின்ற ஒருவர் மொழியைப் பற்றிய உலகின் எண்ணத்தையே மாற்றிய வரலாறு இலக்கிய வட்டத்தினர் அறிந்திருக்க வேண்டிய வரலாறாகும்.

ஸ்டோக்கியின் பணியை அறிவதற்கு முன்னர் அவர் வந்து சேர்ந்த களத்தின் முன்வரலாற்றைச் சிறிது காணவேண்டும். பதினெட்டாம் நூற்றாண்டில் பாரிஸ் நகரில் ஆபே த லெப்பே என்னும் பாதிரியார் காது கேளாத பிள்ளைகளுக்கெனப் பள்ளி நடத்தினார். அப்பிள்ளைகள் தமக்குள் வழங்கிய சைகைகளையே கருவியாகக் கொண்டு கற்பிக்கலாம் என்று அவர் கண்டார். அப்பள்ளியின் வழிவந்த லோரான் கிளெர்க் என்னும் கேளாத ஆசிரியரைத் தாமஸ் ஹாப்கின்ஸ் கேலடெட் 1816இல் அமெரிக்காவுக்கு அழைத்துச் சென்றார். 1817இல் ஹார்ட்ஃபோர்டு நகரில் அந்நாட்டின் முதல் நிலையான கேளாதோர் பள்ளி தோன்றியது. பிரெஞ்சுச் சைகைகளும் அந்நாட்டுப் பிள்ளைகள் கொண்டுவந்த சைகைகளும் கலந்து வளர்ந்ததே பின்னாளில் அமெரிக்கச் சைகைமொழி எனப் பெயர் பெற்றது. 1864இல் ஆப்ரகாம் லிங்கன் கையொப்பமிட்ட சட்டத்தின்படி வாஷிங்டன் நகரில் கேளாதோர்க்கென உயர்கல்வி நிலையம் ஒன்று பட்டம் வழங்கும் உரிமை பெற்றது. அதுவே கேலடெட் கல்லூரி, 1986இல் பல்கலைக்கழகமாயிற்று.

இவ்வாறு வளர்ந்து வந்த மரபுக்கு 1880இல் பேரிடி விழுந்தது. இத்தாலியின் மிலான் நகரில் கூடிய கேளாதோர் கல்வி மாநாடு, சைகையை விலக்கி வாய்ப்பேச்சு முறையிலேயே கற்பிக்க வேண்டுமெனத் தீர்மானம் இயற்றியது. கலந்துகொண்ட 164 பேருள் காது கேளாதவர் ஒருவரே. யாருடைய மொழியைப் பற்றி முடிவு எடுக்கப்பட்டதோ அவர்களுக்கு அவ்வவையில் இடமில்லை. பின்னர் பல நாடுகளில் வகுப்பறையிலிருந்து சைகை நீக்கப்பட்டது. கேளாத ஆசிரியர்கள் வேலையிழந்தனர். உதட்டசைவைப் பார்த்து அறிவதிலும் கேட்டறியாத ஒலிகளை வாயால் எழுப்பப் பழகுவதிலும் பிள்ளைகளின் கல்விக் காலம் கழிந்தது. கையசைத்துப் பேசிய பிள்ளைகள் தண்டிக்கப்பட்ட பள்ளிகளும் உண்டு. ஆயினும் அம்மொழி அழியவில்லை. விடுதி அறைகளிலும் விளையாட்டுத் திடல்களிலும் ஆசிரியர் பார்வை படாத இடங்களிலெல்லாம் அது வாழ்ந்தது. தம் மொழி மறைந்துபோகுமோ என அஞ்சிய அமெரிக்கக் கேளாதோர் தேசியச் சங்கத்தார் 1910 முதல் தம்மிடையே சிறந்த பேச்சாளர்களின் சைகையுரைகளைத் திரைப்படச் சுருளில் பதிவுசெய்து வைத்தனர். அவற்றுள் ஜார்ஜ் வெடிட்ஸ் 1913இல் ஆற்றிய உரை இன்றும் கிடைக்கின்றது. எழுத்து வடிவம் இல்லாத மொழியினர் தம் இலக்கியத்தைக் காக்கக் கண்ட வழி அது.

மொழியியலாரும் இந்நிலையில் கேளாதோர்க்குத் துணை நின்றாரில்லை. மொழி என்றாலே ஒலி என்பது அவர்களுடைய முதற்கோள். புகழ்பெற்ற மொழியியலாளர் லெனர்டு புளூம்ஃபீல்டு 1933இல் வெளியிட்ட 'மொழி' என்னும் நூலில், சிக்கலான சைகை முறைகளும் பேச்சுமொழியை அடியொற்றியவையே என்று கருதினார். கேளாதோரின் சைகை ஆங்கிலத்தின் சிதைந்த வடிவம் என்றும், கருத்துப்பொருளை உரைக்க அது பயன்படாது என்றும், வெறும் பாவனை என்றும் கற்றோரே நம்பினர். இதனினும் வருந்தத்தக்கது, கேளாதோரில் பலரும் அவ்வாறே நம்பியதாகும். ஒரு மக்கட்கூட்டத்தாரைத் தம் தாய்மொழியைத் தாமே இழிவாக எண்ணும்படி செய்தல் எத்தகைய கொடுமை என்பதைத் தமிழர்க்கு விளக்க வேண்டுவதில்லை.

வில்லியம் ஸ்டோக்கி 1919ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 21ஆம் நாள் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தின் லங்காஸ்டர் என்னும் ஊரில் பிறந்தார். கார்னெல் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலம் பயின்று 1946இல் முனைவர் பட்டம் பெற்றார். பழைய ஆங்கிலமும் இடைக்கால ஆங்கிலமும் அவருக்கு உவந்த துறைகள். பட்டம் பெற்றபின் வெல்ஸ் கல்லூரியில் ஆங்கிலம் கற்பித்து வந்தார். கார்னெலில் அவருடைய நண்பராயிருந்த ஜார்ஜ் டெட்மோல்டு கேலடெட் கல்லூரியின் கல்வித் தலைவராகப் பொறுப்பேற்றபோது, ஆங்கிலத் துறைக்குத் தலைமை ஏற்குமாறு ஸ்டோக்கியை அழைத்தார். 1955இல் ஸ்டோக்கி வாஷிங்டன் சென்றார். அந்நாளில் அவருக்குச் சைகை தெரியாது.

வகுப்பு நடத்துவதற்காக அவசரமாகச் சில சைகைகளைக் கற்றார். ஆங்கிலத்தில் பேசிக்கொண்டே, அப்பேச்சின் சொல்வரிசைப்படி சைகையையும் காட்டும் முறை அது. ஆனால் வகுப்பு முடிந்ததும் மாணவர் தமக்குள் பேசிய பேச்சு வேறாக இருந்தது. அங்கே ஆங்கிலச் சொல்வரிசை இல்லை. ஆசிரியர் காட்டிய நிதானமும் இல்லை. நகைச்சுவையும் வாதமும் வசையும் ஊர்வம்பும் மின்னல் வேகத்தில் கைகளில் ஓடின. சிதைந்த ஆங்கிலம் என்றால் இதில் ஆங்கிலத்தின் சிதைவுகள் காணப்பட வேண்டும், அவை காணப்படவில்லை. வெறும் பாவனை என்றால் பார்த்தவுடன் எவருக்கும் விளங்க வேண்டும், அதுவும் விளங்கவில்லை. பழைய ஆங்கிலச் சுவடிகளைப் பயின்றவருக்கு, புரியாத ஒரு வடிவத்துக்குள்ளே ஒழுங்கு இருக்கக்கூடும் என்ற எண்ணம் இயல்பாகவே தோன்றியிருக்க வேண்டும். 1957ஆம் ஆண்டுக் கோடையில் பஃபலோ நகரத்தில் ஜார்ஜ் டிரேகர், ஹென்றி லீ ஸ்மித் என்னும் அமைப்பு மொழியியல் அறிஞர் இருவரிடம் பாடம் கேட்டார். திரும்பி வந்து மாணவரின் சைகைகளைப் படமெடுத்து ஒவ்வொன்றாகப் பகுத்து ஆராயலானார்.

அவர் கண்டது என்ன? இதனை ஒரு தமிழ் எடுத்துக்காட்டால் விளக்கலாம். 'கல்' என்பதும் 'பல்' என்பதும் வெவ்வேறு சொற்கள். இவற்றை வேறுபடுத்துவது முதலில் நிற்கும் ககர, பகர மெய்களே. அம்மெய்களுக்குத் தனியே பொருளில்லை. ஆயினும் பொருளை வேறுபடுத்தும் ஆற்றல் அவற்றுக்கு உண்டு. இத்தகைய சில ஒலிகளைக் கோத்தும் மாற்றியும் எண்ணற்ற சொற்களை ஆக்கிக்கொள்வதே மொழியின் அடிப்படைச் சிறப்பு. மொழியியலார் இவ்வடிப்படை ஒலிகளை 'ஒலியன்' என்பர். சைகை என்பது படம் வரைந்து காட்டுவது போன்ற ஒரு முழுமை என்றே அதுவரை எண்ணியிருந்தனர். ஸ்டோக்கி அம்முழுமையை உடைத்துப் பார்த்தார். ஒவ்வொரு சைகையும் மூன்று கூறுகளால் ஆனது என்று கண்டார்: அது நிகழும் இடம், கை கொள்ளும் வடிவம், கை செய்யும் அசைவு.

அமெரிக்கச் சைகைமொழியில் விரித்த கையின் பெருவிரல் நெற்றியைத் தொட்டால் 'தந்தை'. அதே கை, அதே விரல், அதே முறையில் மோவாயைத் தொட்டால் 'தாய்'. இடம் ஒன்றே மாறியது, பொருள் மாறிவிட்டது. மடக்கிய சுட்டுவிரலை நெற்றியின் குறுக்கே இழுத்தால் 'கோடை'. மூக்கின் முன் இழுத்தால் 'அழகற்றது'. மோவாயில் இழுத்தால் 'உலர்ந்தது'. கல், பல் போன்ற இணைகள்தாம் இவையும். இடங்கள் 12, கைவடிவங்கள் 19, அசைவுகள் 24, ஆக 55 அடிப்படைக் கூறுகளை ஸ்டோக்கி வகுத்தார். கை என்னும் பொருள் தரும் கிரேக்கச் சொல்லின் அடியாக அவற்றுக்குச் 'செரீம்' என்று பெயரிட்டார். ஒலியன் என்பதை ஒட்டித் தமிழில் 'கையன்' என்று கூறலாம்.

தமிழிலக்கண மரபில் தோய்ந்தோர்க்கு இம்முறை அயலாகத் தோன்றாது. தொல்காப்பியத்தின் பிறப்பியல், ஒவ்வோர் எழுத்தும் உடலில் எவ்விடத்தில், எந்த உறுப்பின் எத்தகைய தொழிலால் பிறக்கின்றது என்று ஆராய்கின்றது. நாவும் பல்லும் இதழும் மூக்கும் அண்ணமும் அங்கே கூறப்படுகின்றன. எவ்விடம், எவ்வுறுப்பு, எம்முயற்சி என்ற அதே வினாக்களைத்தான் ஸ்டோக்கி சைகையை நோக்கி எழுப்பினார். நாவின் இடத்தில் கை நின்றது; செவியின் இடத்தில் கண் நின்றது. ஒரு வேறுபாடும் உண்டு. பேச்சில் ஒலிகள் ஒன்றன்பின் ஒன்றாக வரும். சைகையில் இடமும் வடிவமும் அசைவும் ஒருங்கே நிகழும்.

இவ்வாய்வு 1960இல் 'சைகைமொழி அமைப்பு' என்னும் சிறுநூலாக பஃபலோ பல்கலைக்கழகத்தின் மொழியியல் வெளியீட்டு வரிசையில் வந்தது. அதற்குக் கிடைத்த வரவேற்போ மிகக் கசப்பானது. டெட்மோல்டும் மிகச் சிலரும் ஆதரிக்க, கல்லூரியின் ஆசிரியர்களில் பெரும்பாலோர் எள்ளி நகையாடினர். ஆங்கிலம் கற்பிக்க வந்தவர் ஆங்கிலத்தை விட்டுக் கையசைப்பை ஆராய்வதா என்பது ஒரு குறை. கேளாத பிள்ளைகளின் ஆங்கிலக் கல்விக்கு இவ்வாராய்ச்சி ஊறு செய்யும் என்பது மற்றொரு குறை. கேளாதோரிலும் பலர் ஐயத்தோடு பார்த்தனர். தலைமுறை தலைமுறையாக 'இது மொழியன்று' என்று சொல்லக் கேட்டவர்களிடம், சைகையைச் சரளமாகப் பேசத் தெரியாத ஒருவர் வந்து 'இது மொழிதான்' என்று சொன்னால் உடனே எவ்வாறு நம்புவர்? ஸ்டோக்கியின் கைகள் இறுதிவரை தடுமாற்றத்துடனேயே பேசின என்பது அவரை அறிந்தோர் கூறும் செய்தி. அம்மொழியை நன்கு பேசியவர்கள் அதனை மொழியென்று எண்ணவில்லை. மொழியென்று கண்டவருக்கு அது நன்கு பேச வரவில்லை.

இவ்விடைவெளியை நிரப்பியோர் இருவர். ஒருவர் ஹவாயில் ஜப்பானிய மரபினர் குடும்பத்தில் பிறந்த டோரதி காஸ்டர்லைன் அம்மையார். மற்றவர் சுவீடனில் பிறந்த கார்ல் கிரோனபெர்க். இருவரும் கேளாதோர், இருவரும் கேலடெட்டில் பயின்று அங்கேயே ஆங்கிலத் துறையில் ஆசிரியரானவர்கள். இவர்களோடு சேர்ந்து ஸ்டோக்கி 1965இல் 'மொழியியல் நெறியில் அமெரிக்கச் சைகைமொழி அகராதி'யை வெளியிட்டார். அதற்கு முன்பும் சைகைப் பட்டியல்கள் இருந்தன. அவை ஆங்கிலச் சொல்லை அகர வரிசையில் தந்து, எதிரே சைகையை விளக்கின. இந்த அகராதியோ சைகைகளை அவற்றின் சொந்த உறுப்புகளான இடம், வடிவம், அசைவு ஆகியவற்றின் ஒழுங்கில் வரிசைப்படுத்தியது. ஒவ்வொரு சைகைக்கும் குறியீட்டு வரிவடிவம் தரப்பட்டது; அது பெயரா, வினையா, எவ்வாறு வழங்கும் என்பதும் கூறப்பட்டது. ஒரு மொழியின் சொற்களைப் பிறமொழியின் அகர வரிசையில் அடுக்கும்வரை அம்மொழி பிறமொழியின் நிழலாகவே தோன்றும். தன் எழுத்தொழுங்கில் தானே நிற்கும்போதுதான் அதற்குத் தனி இருப்பு உண்டு என்பது புலனாகும்.

இவ்வகராதியின் பின்னிணைப்பாகக் கிரோனபெர்க் எழுதிய கட்டுரைகள் தனிச் சிறப்புடையவை. கேளாதோரை நோயாளிகளின் தொகுப்பாகக் காணாமல், தமக்கென மொழியும் பழக்கவழக்கமும் உறவு முறையும் கொண்ட ஒரு சமுதாயமாக அவர் கண்டார். வட்டார வழக்குகளையும், நிற வேற்றுமையால் பள்ளிகள் பிரிக்கப்பட்டிருந்த மாநிலங்களில் கறுப்பினக் கேளாதோரின் சைகை வெள்ளையரின் சைகையிலிருந்து வேறுபட்டதையும் குறித்து வைத்தார். நெடுங்காலம் இப்பணியின் புகழ் ஸ்டோக்கி ஒருவர் பெயரையே சார்ந்து நின்றது. கேலடெட் பல்கலைக்கழகம் காஸ்டர்லைனுக்கும் கிரோனபெர்க்கிற்கும் மதிப்புறு முனைவர் பட்டம் வழங்கியது 2022இல்தான். கிரோனபெர்க் அவ்வாண்டிலேயே மறைந்தார். காஸ்டர்லைன் 2023இல் மறைந்தார். முதல் அறிவிப்பை ஸ்டோக்கி செய்தார் என்பது உண்மை. ஆயினும் அம்மொழிக்கு உரியவர்களின் அறிவு இன்றி அகராதி பிறந்திராது என்பதும் அதே அளவு உண்மை.

இவ்விடத்தில் ஓர் ஐயம் எழலாம். நாட்டியத்தின் அபிநயமும் முத்திரையும் தமிழர் நன்கறிந்தவை; சைகைமொழியும் அத்தகையதுதானே? அன்று. முத்திரை பாடலின் பொருளுக்குத் துணை நிற்பது. சைகைமொழி எப்பாடலையும் சார்ந்ததன்று; தானே தனித்து நின்று பொருள் உரைப்பது. சைகை உலகமெங்கும் ஒன்றே என்பதும் பிழை. ஆங்கிலம் பேசும் இரு நாடுகளான பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் கேளாதோரின் மொழிகள் வெவ்வேறானவை. அமெரிக்கச் சைகைமொழிக்கு நெருங்கிய உறவு பிரெஞ்சுச் சைகைமொழியே.

சைகைகள் தோன்றும்போது பொருளின் உருவத்தை ஒத்திருக்கலாம்; வழங்க வழங்க அவ்வொப்புமை தேய்ந்து மறையும். அமெரிக்கச் சைகைமொழியில் 'வீடு' என்னும் சொல் 'உண்', 'உறங்கு' என்னும் இரு சைகைகளின் கூட்டாகப் பிறந்தது. உண்ணும் இடமும் உறங்கும் இடமும் வீடுதானே! இன்றோ குவித்த விரல்கள் வாயருகே ஒருமுறையும் கன்னத்தில் ஒருமுறையும் தொட்டு விலகுகின்றன. உறங்குதலைக் காட்டும் கைவடிவம் அதில் இல்லை. இரு சொற்கள் புணர்ந்து திரிந்து ஒரு சொல்லாதல் தமிழ்ப் புணர்ச்சியைக் கற்றோர்க்குப் பழகிய செய்தி. 'கொடு' என்னும் வினையைப் பேசுவோரிடமிருந்து கேட்போரை நோக்கி நகர்த்தினால் 'உனக்குக் கொடுக்கிறேன்'. திசையை மாற்றினால் 'எனக்குக் கொடுக்கிறாய்'. தமிழ் விகுதியாலும் வேற்றுமை உருபாலும் உணர்த்துவதை அம்மொழி வெளியில் செல்லும் திசையால் உணர்த்துகின்றது. ஆம், இல்லை என்ற விடை வேண்டும் வினாவுக்குப் புருவம் உயரும். யார், எங்கே என்ற வினாவுக்குப் புருவம் நெரியும். முகத்தில் தோன்றுவது உணர்ச்சி மட்டுமன்று. இலக்கணமும் அங்கே உண்டு.

ஸ்டோக்கி 1970 வரை ஆங்கிலத் துறையின் தலைவராக இருந்தார். 1971இல் கேலடெட்டில் மொழியியல் ஆய்வுக்கூடம் ஒன்றைத் தொடங்கினார். 1972 முதல் 'சைகைமொழி ஆய்வுகள்' என்னும் பருவ இதழை நடத்தினார். இதன் பிறகே உலகெங்கும் ஆய்வாளர் கூட்டம் திரண்டது. கலிஃபோர்னியாவின் சால்க் ஆய்வு நிலையத்தில் உர்சுலா பெலூகி அம்மையாரும் எட்வர்டு கிளிமாவும் செய்த ஆய்வுகள் ஸ்டோக்கியின் கூற்றுக்கு மேலும் சான்று சேர்த்தன. கேளாதோரிடம் ஒரு சைகைப் பட்டியலைக் காட்டிப் பின்னர் நினைவுகூரச் செய்தபோது, அவர்கள் செய்த பிழைகள் பொருள் ஒற்றுமையால் நேரவில்லை. கைவடிவமோ இடமோ அசைவோ ஒத்த வேறொரு சைகையையே மாற்றிச் சொன்னார்கள். கூறுகள் ஸ்டோக்கியின் தாளில் மட்டுமன்றிப் பேசுவோர் மனத்திலும் உள்ளன என்பதற்கு இது சான்று. மூளையின் இடப்பகுதி சிதைந்த கேளாதோர், கைகளை அசைக்கும் ஆற்றல் இருந்தும் சைகைமொழித் திறனை இழந்தனர். பேசுவோர் அப்பகுதி சிதைந்தால் பேச்சை இழப்பது போலவே இதுவும் என்பதை 1987இல் வெளிவந்த நூல் விரிவாக எடுத்துக்காட்டியது. மூளை மொழியை அறிகின்றது. அது வாய்வழி வருகின்றதா கைவழி வருகின்றதா என்பது அதற்கு இரண்டாவது செய்தியே.

ஸ்டோக்கிக்கு முன்னோர் எவரும் இலர் என்பதன்று. பாரிஸில் பெபியான் என்பார் 1825இலேயே சைகைகளைக் குறியீட்டால் எழுத முயன்றார். நெதர்லாந்தின் பெர்னார்டு டெர்ஃபோர்ட் 1953இல் கேளாத பிள்ளைகளின் சைகையை ஆய்ந்து நூல் எழுதினார். அவ்வாறே ஸ்டோக்கியின் முடிபுகள் அனைத்தும் நிலைத்துவிட்டன என்பதும் அன்று. உள்ளங்கை நோக்கும் திசையையும் ஒரு கூறாகக் கொள்ளவேண்டும் என்று ராபின் பாட்டிசன் காட்டினார். சைகைக்குள்ளும் முன்பின் வரிசை உண்டு என்று ஸ்காட் லிடல் 1980களில் நிறுவினார். 'செரீம்' என்னும் பெயரும் வழக்கொழிந்தது. 'ஒலியன்' என்ற சொல்லையே சைகைக்கும் ஆய்வாளர் வழங்குகின்றனர். இத்திருத்தங்கள் ஸ்டோக்கியின் பெருமையைக் குறைப்பன அல்ல. இலக்கணம் உண்டு என்று அவர் காட்டிய பின்னரே அவ்விலக்கணத்தைத் திருத்த முடிந்தது.

அவருடைய கல்வி நிலையம் அவரிடம் நடந்துகொண்ட முறையை மறைப்பதற்கில்லை. 1984இல் ஸ்டோக்கி ஓய்வுபெற்றபோது அவருடைய ஆய்வுக்கூடம் மூடப்பட்டது. ஆயினும் கேளாதோர் அவரை மறக்கவில்லை. 1980இலேயே அவரைப் பாராட்டும் கட்டுரைத் தொகுதியொன்றைக் கேளாதோர் தேசியச் சங்கமே வெளியிட்டிருந்தது. ஒருகாலத்தில் ஐயத்தோடு பார்த்தோரின் சங்கம் அளித்த அச்சிறப்பு, எப்பட்டத்தினும் உயர்ந்ததென்றே கொள்ளவேண்டும். 1988 மார்ச்சுத் திங்களில் கேலடெட் மாணவர்கள் கேளாதவர் ஒருவரே தங்கள் தலைவராக வேண்டும் என்று கிளர்ந்தெழுந்தனர். ஒரு வாரத்துக்குள் கிங் ஜோர்டன் அப்பல்கலைக்கழகத்தின் முதல் கேளாத தலைவரானார். அக்கிளர்ச்சிக்குக் காரணங்கள் பல. எனினும் 'எங்களுக்கு ஒரு மொழி உண்டு' என்ற தலைநிமிர்வு அம்மாணவர்க்குக் கிடைத்ததில் 1960ஆம் ஆண்டுச் சிறுநூலுக்கும் பங்குண்டு. ஸ்டோக்கி 2000ஆம் ஆண்டு ஏப்ரல் 4ஆம் நாள் தம் எண்பதாம் வயதில் மறைந்தார். மனித இனத்தில் பேச்சுக்கு முன்னரே கைமொழி தோன்றியது என்று வாதிடும் 'கையில் மொழி' என்னும் அவரது நூல் 2001இல் வெளிவந்தது. அக்கொள்கையை ஏற்போரும் உளர், மறுப்போரும் உளர்.

அவர் ஊன்றிய விதையின் பயன் இன்று பல நாடுகளில் காணப்படுகின்றது. சுவீடன் 1981இலேயே கேளாதோர் கல்வியில் தன் சைகைமொழிக்கு இடம் தந்தது. நியூசிலாந்து 2006இலும் தென்னாப்பிரிக்கா 2023இலும் சைகைமொழியை ஆட்சிமொழியாக்கின. கேளாதோர் கல்வி பற்றிய உலக மாநாடு 2010இல் வான்கூவர் நகரில் கூடி, மிலான் தீர்மானத்தை மறுத்து வருத்தம் தெரிவித்தது. இடையில் கழிந்தவை 130 ஆண்டுகள். ஐக்கிய நாடுகள் அவையின் முடிவின்படி 2018 முதல் செப்டம்பர் 23 உலகச் சைகைமொழிகள் நாளாகக் கொண்டாடப்படுகின்றது.

இந்தியாவுக்கும் இவ்வரலாற்றோடு நேரான தொடர்பு உண்டு. கேலடெட்டில் ஆய்வு செய்த ஜேம்ஸ் வுட்வர்டும், இமாசலப் பிரதேசத்தில் பிறந்து இளமையிலேயே செவிப்புலன் இழந்து கேலடெட்டில் பயின்ற மதன் வசிஷ்டாவும், கர்க் வில்சனும் 1970களின் பிற்பகுதியில் தில்லி, கல்கத்தா, பம்பாய், பெங்களூர் நகரங்களின் சைகைகளை ஆய்ந்தனர். இந்நாட்டுக் கேளாதோரிடம் தமக்கெனத் தனி இலக்கணமுடைய மொழி உண்டு என்பது அவ்வாய்வுகளால் வெளிப்பட்டது. நடுவண் அரசு 2015இல் இந்தியச் சைகைமொழி ஆய்வு மற்றும் பயிற்சி மையத்தைத் தில்லியில் நிறுவியது. அம்மையம் 2018இல் 3,000 சொற்களோடு வெளியிட்ட அகராதி 2021ஆம் ஆண்டுப் பதிப்பில் 10,000 சொற்களாக வளர்ந்தது.

இவை மகிழ்ச்சி தரும் செய்திகளே. ஆயினும் இவற்றினும் அவசரமான ஒன்று உண்டு. காது கேளாத பிள்ளைகளில் மிகப் பெரும்பாலோர் காது கேட்கும் பெற்றோருக்கே பிறக்கின்றனர். அவ்வீட்டில் வழங்கும் மொழி அப்பிள்ளையின் செவிக்கு எட்டாது. கண்ணுக்கு எட்டக்கூடிய மொழியை அவ்வீட்டார் அறியார். மொழி வேரூன்ற வேண்டிய முதல் சில ஆண்டுகள் இவ்வாறு வெறுமையாகக் கழிந்துவிட்டால், பின்னர் எவ்வளவு முயன்றாலும் அக்குறை முழுதும் தீர்வதில்லை. கேளாமை ஒரு பிள்ளையிடமிருந்து ஒலியை மட்டுமே பறிக்கின்றது. மொழியைப் பறிப்பது சுற்றத்தாரின் அறியாமை. எனவே சைகைமொழி மொழியா அன்றா என்ற வினா புலவர் அவையில் பேசிக் கலையும் வாதமாக நின்றுவிடவில்லை. எங்கோ ஒரு வீட்டில் வளரும் பிள்ளை சிந்திக்கவும் கேட்கவும் சண்டையிடவும் கதை சொல்லவும் வழி பெறுமா என்பது அதைச் சார்ந்திருக்கின்றது.

மொழியைப் போற்றுவோர்க்கு ஸ்டோக்கியின் வாழ்வு ஒரு பாடம் விட்டுச் சென்றிருக்கின்றது. அவர் எம்மொழியையும் படைக்கவில்லை. அது அவருக்கு முன்பே தலைமுறைகளாக வாழ்ந்திருந்தது. அதனைப் பேசியவர்கள் அவருடைய வகுப்பிலேயே அமர்ந்திருந்தார்கள். அவர் செய்தது, மொழியன்று என்று கற்றோர் ஒதுக்கியதைப் பொறுமையாக உற்றுநோக்கியது ஒன்றே. தன் மொழியின் தொன்மையையும் செம்மையையும் எண்ணி மகிழும் உரிமை எவர்க்கும் உண்டு. அம்மகிழ்ச்சியை உடையோர்க்கு, பிறர் மொழியையும் மொழியென மதிக்கும் கடமையும் உண்டு. வாய்பேசாதவர் கண்ட கனவு இனியும் சொல்லப்படாமல் போகவேண்டியதில்லை. அவர் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறார். அதனைக் காணக் கண்கள் கற்கவேண்டும்.